சலங்கை யாருக்குச் சொந்தம்?

துறையூர்ப் பக்கமிருந்து வரும் சாலை புளியஞ்சோலையில் முடிந்துவிடுகிறது. அதற்கு மேல் கொல்லிமலைதான். மலையிலிருந்து இறங்கும் ஐயாறு இந்த அடிவாரத்தைத் தொட்டுக்கொண்டு காவிரியை நோக்கிப் போகிறது. இந்த மலையை ஆண்ட வல்வில் ஓரியிடம் பரிசில் பெற்ற பாணரையும் விறலியரையும் புறநானூறு காட்டுகிறது. வன்பரணரின் 152ஆம் பாட்டில், காட்டில் எதிர்ப்பட்ட வேட்டுவன் ஓரிதான் என்று அறியாமலே கலைஞர் கூட்டம் அவன் முன் பாடுகிறது. அவன் வேட்டையாடிய மானின் தசையோடு பொன்னும் மணியும் தந்து அனுப்புகிறான். 153ஆம் பாட்டில், ஓரியிடம் பரிசு பெற்றுப் பசி நீங்கியவர்கள் ஆடலையும் பாடலையும் மறந்துபோகிறார்கள்.

கொடையின் பெருமையைச் சொல்லும் பாடல்கள் இவை. அவற்றை விறலியின் பக்கமிருந்து படித்தால் வேறொன்றும் தெரியும். அவளுக்கு நிலமில்லை. அடுத்த வேளைச் சோறு கொடுப்பவனின் மனத்தைப் பொறுத்தது. கலையால் வாழும் பெண்ணுக்கு யார் சோறு போடுகிறார்கள், அதற்கு ஈடாக அவளிடம் என்ன கேட்கிறார்கள், அவள் கற்றது யாருக்குச் சொந்தம் என்ற கேள்விகள் அன்று தொடங்கியவை. கொடுக்கும் கை குறுநில மன்னனிடமிருந்து கோயிலுக்கும், கோயிலிலிருந்து அரண்மனைக்கும் மிராசுதாருக்கும், பிறகு சபாவுக்கும் அரசுக்கும் மாறியது. ஒவ்வொரு மாற்றத்திலும் அந்தப் பெண் என்ன ஆனாள்? தமிழ்நாட்டுத் தேவதாசிகளிடம் கேட்கும் இதே கேள்வியை, விருந்துகளில் ஆடியும் பாடியும் வாழும் ஜப்பானியக் கெய்ஷாக்களிடமும் கேட்கலாம். இரண்டு சமூகங்களும் ஏறத்தாழ ஒரே காலத்தில் இதற்கு வெவ்வேறு விடைகளைக் கண்டன.

கல்லில் எழுதிய உரிமை

கொல்லி அடிவாரத்திலிருந்து காவிரிக் கரைக்கு இறங்கினால், ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் இந்தக் கேள்விக்குச் சோழ அரசு தந்த விடை கல்லில் கிடைக்கிறது. தஞ்சைப் பெரிய கோயிலில் முதலாம் இராசராசன் பொறித்த கல்வெட்டு 400 தளிச்சேரிப் பெண்டுகளைப் பட்டியலிடுகிறது. சோழநாட்டின் பல கோயில்களிலிருந்து அழைத்துவரப்பட்டவர்கள் அவர்கள். ஒவ்வொருவரின் பெயரும், எந்த ஊர்க் கோயிலிலிருந்து வந்தவர் என்பதும், எந்தத் தெருவில் எத்தனையாவது வீடு என்பதும் அதில் உண்டு. ஒருவருக்கு ஒரு பங்கு, அதாவது ஆண்டுக்கு 100 கலம் நெல். ஒருவர் இறந்தாலோ வேற்று நாட்டுக்குப் போனாலோ அடுத்த முறையினர் அந்தக் காணியைப் பெறலாம். அவர்களுக்குத் தகுதி இல்லையென்றால் தகுதியுள்ளவரை வைத்துப் பணி நடத்த வேண்டும். பிறப்புரிமையையும் கலைத் திறனையும் ஒருசேரக் கணக்கில் எடுத்த ஏற்பாடு அது.

சோழர் காலக் கல்வெட்டுகளில் கோயில் பெண்களைத் தேடிப் பல ஆண்டுகள் ஆய்ந்த லெஸ்லி ஓர், அவர்கள் ஆடுபவர்களாகத் தென்படுவதைவிடக் கொடையாளிகளாகவே மிகுதியாகத் தென்படுகிறார்கள் என்று காட்டியிருக்கிறார். விளக்கெரிக்கப் பொன்னும் நிலமும் கொடுத்துக் கோயிலில் தங்கள் பெயரையும் சிறப்புரிமையையும் நிலைநாட்டியவர்கள் அவர்கள். பிற்காலத்தில் நாம் கேட்டுப் பழகிய தேவதாசியின் கதையை அப்படியே பின்னோக்கி நீட்டிச் சோழர் காலத்துக்குப் பொருத்த முடியாது.

நாயக்கர், மராட்டியர் காலத்தில் ஆட்டம் கோயிலோடு அரசவையிலும் வேர்கொண்டது. பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இரண்டாம் சரபோஜியின் தஞ்சை அவையோடு தொடர்புடைய சின்னையா, பொன்னையா, சிவானந்தம், வடிவேலு சகோதரர்கள் அலாரிப்பில் தொடங்கித் தில்லானாவில் முடியும் சதிர்க் கச்சேரியின் வரிசையை ஒழுங்குபடுத்தினர். இன்றைய பரதநாட்டிய அரங்கேற்றங்கள் அந்த வரிசையைத்தான் பின்பற்றுகின்றன. அதை உடலில் ஏந்தி நூறாண்டுக்கும் மேல் காத்தவர்கள் தேவதாசிப் பெண்கள்.

பயிற்சி வீடு

அந்த வீட்டில் ஒரு சிறுமி வளர்ந்த விதம் பள்ளிக்கூடமும் குடும்பமும் தொழிற்கூடமும் ஒன்றாகக் கலந்தது. நட்டுவனார் தட்டுமனையில் தட்டுக்கழியால் தாளம் தட்ட, ஐந்தாறு வயதிலேயே அடவுப் பயிற்சி தொடங்கிவிடும். பாட்டு பெரும்பாலும் வீட்டுப் பெண்களிடமே கிடைக்கும். பாடத் தெரியாமல் பதத்துக்கு அபிநயம் பிடிக்க முடியாது என்பதால் இசையும் ஆட்டமும் சேர்ந்தே வளரும். தமிழ் கற்பாள், க்ஷேத்ரய்யாவின் பதங்களுக்காகத் தெலுங்கும் கற்பாள். மற்றக் குடும்பப் பெண்கள் எழுத்தறியாதிருந்த காலத்தில் இவர்கள் படித்தவர்கள். பதினெட்டாம் நூற்றாண்டில் தஞ்சைப் பிரதாபசிம்மனின் அவையிலிருந்த முத்துப்பழனி, தெலுங்கில் ராதிகா சாந்த்வனம் என்ற காவியமே எழுதினார். அதை 1910இல் பதிப்பித்தவர் பெங்களூர் நாகரத்தினம்மாள். ஆபாசம் என்று ஆங்கிலேய அரசு அந்நூலைத் தடை செய்தது.

வீட்டின் தலைமை மூத்த பெண்ணிடம் இருந்தது. சொத்து தாயிடமிருந்து மகளுக்குப் போனது. மகன்கள் நட்டுவாங்கமோ வாத்தியமோ கற்றார்கள். மானுடவியலாளர் அம்ரித் ஸ்ரீனிவாசன் சுட்டும் ஒரு வழக்கம் இந்த வீடுகளின் அமைப்பை நன்றாக விளக்குகிறது. வீட்டில் பிறந்த மகள்கள் ஆடினார்கள், பாடினார்கள். மகன்களுக்கு மணமுடித்துக் கொண்டுவந்த மருமகள்களுக்கு அந்தக் கலை கற்பிக்கப்படவில்லை. அவர்கள் இல்லத்தரசிகளாகவே இருந்தார்கள்.

இத்தனை கல்வியும் சொத்துரிமையும் இருந்தும் ஒன்று மட்டும் அந்தச் சிறுமிக்கு இல்லை. வேண்டாம் என்று சொல்லும் உரிமை. அவளைக் கோயில் தெய்வத்துக்கு மணமுடிக்கும் பொட்டுக்கட்டும் சடங்கு, அவள் விவரம் அறியும் முன்பே நடந்தது. பருவம் வந்தபின் அவளுக்கு ஆதரவாளராக வருபவர் யார் என்பதை வீட்டின் மூத்தவர்கள் தீர்மானித்தார்கள். கோயில் மானியம் சுருங்கச் சுருங்க, செல்வந்தரின் தயவு பெருகப் பெருக, கலையின் விலையும் உடலின் விலையும் பிரிக்க முடியாதபடி கலந்தன. வறுமையில் வாடிய குடும்பங்களின் பெண் குழந்தைகள் பணத்துக்குக் கைமாறினார்கள். அழகான கலை என்பதற்காக இதை மென்மையாக்கிச் சொல்வது அந்தக் குழந்தைகளுக்குச் செய்யும் துரோகம்.

கியோட்டோவின் கெய்ஷா வீடும் இதே போன்ற அமைப்புதான். ஒக்கியா எனப்படும் அந்த வீட்டை நடத்துபவர் ஒரு பெண். பயிலும் சிறுமிகள் அவரை ‘அம்மா’ என்றே அழைப்பார்கள். முதலில் வீட்டு வேலை, பிறகு மூத்தவர்களைப் பார்த்துப் பழகுதல், பிறகு மைக்கோ என்ற பயிற்சிக் கலைஞர், இறுதியில் கெய்க்கோ எனப்படும் முழுக் கெய்ஷா என்று படிகள் உண்டு. ஆட்டம், ஷமிசென் வாத்தியம், பாட்டு, தேநீர்ச் சடங்கு எல்லாம் கற்க வேண்டும். கிமோனோவுக்கும் பாடத்துக்கும் வீடு செலவு செய்யும். பின்னாளில் அவள் உழைத்து ஈடுகட்டுவாள். அங்கும் பழைய நாளில் ஏழைப் பெற்றோர் மகள்களை முன்பணத்துக்கு விற்றார்கள். அங்கும் பணக்கார ஆதரவாளர் இருந்தார். டன்னா என்று அவருக்குப் பெயர். சுவா என்ற வெந்நீர் ஊற்று நகரத்துக் கெய்ஷா வீட்டுக்குச் சிறுவயதில் விற்கப்பட்ட மசுதா சயோ, 1950களில் வெளியிட்ட தன்வரலாற்றில் பசியையும் அடியையும் கடனையும் பதிவு செய்திருக்கிறார். பட்டும் பகட்டும் நிறைந்த கியோட்டோப் படங்களைப் பார்த்துப் பழகியவர்கள் அந்த நூலையும் படிக்க வேண்டும்.

1872: ஒரு கப்பலும் ஒரு ஆணையும்

1872இல் மரியா லூஸ் என்ற பெரு நாட்டுக் கப்பல் யோகோஹாமா துறைமுகத்தில் நின்றது. அதில் அடிமைகளாக நடத்தப்பட்ட சீனக் கூலிகளை ஜப்பானிய நீதிமன்றம் விடுவித்தது. வழக்கின்போது எதிர்த்தரப்பு ஒரு கேள்வி எழுப்பியது: உங்கள் நாட்டிலேயே பெண்களை விற்கிறீர்களே? நாகரிக நாடாக உலகின் முன் நிற்க விரும்பிய மெய்ஜி அரசுக்கு அது சுட்டது. அதே ஆண்டு, விலைமகளிரும் கெய்ஷாக்களும் கடன் ஒப்பந்தங்களிலிருந்து விடுபட்டார்கள் என்று ஆணை வந்தது. ஆனால் முதலாளிகள் விடுதிகளின் பெயரை மாற்றிப் பழைய தொழிலைத் தொடர்ந்தார்கள். ஆணை பிறந்ததும் விடுதலை கிடைத்துவிடவில்லை.

அதே 1872இல் கியோட்டோவில் இன்னொன்றும் நடந்தது. தலைநகர் டோக்கியோவுக்குப் போய்விட்டதால் நகரம் வாடிக்கிடந்தது. அதை மீட்க நடந்த கண்காட்சியின் பகுதியாக கியோன் பகுதிக் கெய்ஷாக்களின் பொது அரங்க ஆட்டமான மியாகோ ஒதோரி தொடங்கியது. இனோவே பள்ளியின் ஆட்ட ஆசிரியை அதை அமைத்தார். கெய்ஷாக்களுக்கான பயிற்சிப் பள்ளியும் அக்காலத்தில் பிறந்தது. விருந்து அறைக்குள் சிலருக்காக ஆடப்பட்டது சீட்டு வாங்கியவர் எல்லோரும் காணும் கலையாயிற்று. இங்கே கவனிக்க வேண்டியது, அரங்கு மாறினாலும் ஆடுபவர்கள் மாறவில்லை. கற்பிப்பவரும் கற்பவரும் வீட்டை நடத்துபவரும் அதே பெண்களாகவே தொடர்ந்தார்கள். அந்த ஆட்டம் இன்றும் ஆண்டுதோறும் ஏப்ரலில் நடக்கிறது.

சென்னையில் எழுந்த மூன்று குரல்கள்

இருபது ஆண்டுகள் கழித்துச் சென்னையில் நாட்டிய எதிர்ப்பு இயக்கம் வலுத்தது. 1893இல் சமூகச் சீர்திருத்தக்காரர்கள், சதிர் நடக்கும் விருந்துகளைத் தவிர்க்குமாறு வைஸ்ராயையும் ஆளுநரையும் கேட்டுக்கொண்டனர். அதில் அந்தப் பெண்களின் குரல் இல்லை. அது எழுந்தது 1920களில்தான். எழுந்தபோது ஒரே குரலாக எழவில்லை.

முதல் குரல் மருத்துவர் முத்துலட்சுமி ரெட்டியுடையது. 1886இல் புதுக்கோட்டையில் பிறந்தவர். அவருடைய தாய் சந்திரம்மாள் இசை வேளாளர் மரபில் வந்தவர். ஆண்கள் மட்டும் படித்த மகாராஜா கல்லூரியில் தொண்டைமான் மன்னரின் ஆணையால் சேர்ந்து, 1912இல் மருத்துவரானார். சென்னைச் சட்டமன்றத்தில் 1927இல் பொட்டுக்கட்டும் வழக்கத்துக்கு எதிராகத் தீர்மானம் கொண்டுவந்தார். அவர் முயற்சியால் 1929இல் வந்த சட்டத் திருத்தம், பணிக்காகக் கொடுக்கப்பட்ட மானிய நிலங்களைக் கோயில் பணியிலிருந்து விடுவித்து அந்தப் பெண்களிடமே விட்டது. ஆதரவின்றி வந்த சிறுமிகளுக்காக 1930இல் அவ்வை இல்லத்தைத் தொடங்கினார். சட்டத்தோடு நிலமும், நிலத்தோடு படிப்பும் வேண்டும் என்று அறிந்திருந்தவர் அவர்.

இரண்டாவது குரல் மூவலூர் இராமாமிர்தம் அம்மையாருடையது. வறுமையால் குழந்தைப் பருவத்திலேயே தாசி வீட்டில் விடப்பட்டவர். அந்த வாழ்க்கையை உள்ளிருந்து கண்டு, அதை மறுத்து வெளியே வந்தவர். பேச்சாலும் எழுத்தாலும் ஊர் ஊராகப் போராடினார். 1936இல் வந்த ‘தாசிகள் மோசவலை அல்லது மதிபெற்ற மைனர்’ என்ற அவருடைய நாவல், மைனர்களின் பணத்தையும் தாசி வீடுகளின் தந்திரங்களையும் சேர்த்தே அம்பலப்படுத்தியது. 1938இல் இந்தித் திணிப்பை எதிர்த்துத் திருச்சியிலிருந்து சென்னை வரை நடந்த படையிலும் அவர் இருந்தார்.

மூன்றாவது குரல் பெங்களூர் நாகரத்தினம்மாளுடையது. திருவையாற்றில் தியாகராசர் சமாதியைத் தன் சொத்தைக் கொண்டு எடுப்பித்தவர். 1927இல் தேவதாசிகள் அமைப்பாகத் திரண்டு அரசுக்கு மனு கொடுத்தபோது அந்த எதிர்ப்பில் முன்னின்றார். எங்களைப் பரத்தையராக ஒட்டுமொத்தமாக முத்திரை குத்தாதீர்கள், எங்கள் சொத்துரிமையையும் கலையையும் பறிக்காதீர்கள், எங்கள் பிள்ளைகளுக்குக் கல்வி கொடுங்கள் என்பதே அந்தத் தரப்பின் சாரம்.

சீர்திருத்த வரலாற்றை எழுதுபவர்கள் முதல் இரண்டு குரல்களை வெற்றியாளர்களாகவும் மூன்றாவதைப் பிற்போக்காகவும் வைப்பதுண்டு. கலை வரலாற்றை எழுதும் சிலர் நாகரத்தினம்மாளை மட்டும் உயர்த்தி முத்துலட்சுமியைக் கலையின் பகைவராக்குவதும் உண்டு. இரண்டும் தவறு. மூவரும் ஒரே வீட்டின் மூன்று வாசல்களிலிருந்து பேசினார்கள். சிறுமியைக் காப்பாற்று என்றார் முத்துலட்சுமி. அவளை ஏமாற்றும் அமைப்பை உடை என்றார் இராமாமிர்தம். அவளுடைய கலையையும் மானத்தையும் அவளிடமிருந்து எடுத்துவிடாதே என்றார் நாகரத்தினம்மாள். மூன்றையும் ஒருசேரக் கேட்டிருக்க வேண்டும். சமூகம் முதலிரண்டைக் கேட்டது. மூன்றாவதைக் காதில் போட்டுக்கொள்ளவில்லை.

சட்டத்துக்குப் பின்

1947இல் ஓமந்தூர் ராமசாமி ரெட்டியார் ஆட்சியில் தேவதாசி ஒழிப்புச் சட்டம் நிறைவேறியது. பொட்டுக்கட்டுவது குற்றமாயிற்று. பொட்டுக்கட்டப்பட்ட பெண்ணும் சட்டப்படி மணம் செய்யலாம் என்றாயிற்று. ஒரு சிறுமியின் வாழ்வை அவள் அறியாமல் எழுதிவைக்க இனி எவருக்கும் உரிமையில்லை என்று சொன்ன அந்தச் சட்டம், தமிழ்ச் சமூகம் செய்துகொண்ட நல்ல காரியங்களில் ஒன்று. அதே சட்டம் கோயில் வளாகத்திலும் சுவாமி ஊர்வலத்திலும் பெண்கள் ஆடுவதையும் சட்டவிரோதம் என்று அறிவித்தது. சிறுமியைக் காக்கும் விதிக்கும் வளர்ந்த கலைஞரின் வேலையைப் பறிக்கும் விதிக்கும் இடையே கோடு போட எவரும் நினைக்கவில்லை.

அதற்குள் கலை வேறு வீடுகளுக்குக் குடிபோயிருந்தது. 1928இல் தொடங்கிய மியூசிக் அகாடமி 1930களின் தொடக்கத்தில் கல்யாணி அம்மாளின் மகள்களான பந்தநல்லூர் ஜீவரத்தினம், ராஜலட்சுமி ஆகியோரை மேடையேற்றியது. பந்தநல்லூர் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் கற்ற ருக்மிணி தேவி 1935இல் அடையாற்றில் ஆடினார். அடுத்த ஆண்டு கலாக்ஷேத்ரா பிறந்தது. சதிர் பரதநாட்டியமாயிற்று. அதற்கு மரியாதை வந்தது, மாணவிகள் வந்தார்கள், உலகப் புகழ் வந்தது. இந்த வளர்ச்சியைக் குறைசொல்ல வேண்டியதில்லை. ஆனால் எந்தச் சமூகத்துப் பெண் ஆடினால் இழிவோ அதே ஆட்டத்தை வேறு சமூகத்துப் பெண் ஆடினால் பெருமை என்று ஆன கணக்கு நீதியானதல்ல. மயிலாப்பூர் கபாலீசுவரர் கோயிலில் ஆடிய மரபின் கௌரி அம்மாள், பிந்தைய தலைமுறையின் பெரிய கலைஞர் பலருக்கு அபிநயம் கற்றுக்கொடுத்துவிட்டுத் தன் முதுமையை வறுமையில் கழித்தார்.

தப்பிப் பிழைத்தவர்களும் உண்டு. வீணை தனம்மாளின் பேத்தி பாலசரஸ்வதி ஏழு வயதில், 1925இல், காஞ்சிபுரத்தில் அரங்கேறியவர். கந்தப்பப் பிள்ளையின் கண்டிப்பில் வளர்ந்தவர். ஒழிப்பு இயக்கம் உச்சத்தில் இருந்த ஆண்டுகளில் அவருக்குத் தமிழ்நாட்டில் மேடைகள் குறைந்தன. 1961இல் கிழக்கு-மேற்கு இசைச் சந்திப்புக்காக அவர் டோக்கியோ சென்று ஆடினார். மேற்குலகம் அவரைக் கொண்டாடத் தொடங்கியது அதன் பின்தான். தன் மரபை விட்டுக்கொடுக்காத கலைஞர் ஒருவர், ஆடும் மரபுப் பெண்களைக் கலைந்துபோகவிடாத நாட்டில் ஆடினார் என்பதை நான் தற்செயலாக மட்டும் பார்க்கவில்லை. 1973இல் மியூசிக் அகாடமி அவருக்குச் சங்கீத கலாநிதி விருது தந்தது.

திருச்சிக்குத் தெற்கே விராலிமலையில் இன்னொரு வாழ்க்கை. முருகன் கோயிலில் பணி செய்த 32 தேவதாசிகளில் ஒருவரான முத்துக்கண்ணம்மாள், ஏழு வயதில் பொட்டுக்கட்டப்பட்டவர். தந்தையே அவருக்கு நட்டுவனார். நாள்தோறும் மலைப்படி ஏறிப் பாடியும் ஆடியும் பணி செய்தார். சட்டம் வந்தபின் அந்தப் பணி நின்றது. கலை உடம்பிலேயே தங்கியது. விராலிமலைக் குறவஞ்சியையும், மேற்கத்திய மெட்டில் அமைந்த நோட்டுஸ்வரத்தையும் ஆய்வாளர்கள் அவரிடமிருந்தே பதிவு செய்தார்கள். 2022இல் பத்மஸ்ரீ வந்தது. பணி பறிபோனதற்கும் விருது வந்ததற்கும் இடையே எழுபது ஆண்டுகளுக்கு மேல் ஓடிவிட்டன. இதற்கிடையே, 1981 முதல் சிதம்பரத்தில் நாட்டியாஞ்சலி நடக்கிறது. கோயிலில் ஆடுவது மீண்டும் புனிதமாயிற்று. ஆட வந்தவர்கள்தான் வேறு.

மைக்கோவின் இன்றைய நிலை

அப்படியானால் ஜப்பான் சரியாகச் செய்ததா? பாதிதான். போருக்குப் பின் வந்த குழந்தைகள் நலச் சட்டமும் கட்டாயக் கல்வியும் சிறுமிகளை விற்கும் வழக்கத்தை முடித்துவைத்தன. 1950களின் இறுதியில் விலைமகளிர் ஒழிப்புச் சட்டம் நடைமுறைக்கு வந்தது. இன்று நடுநிலைப் பள்ளியை முடித்து, பதினைந்து வயதில், பெரும்பாலும் தன் விருப்பத்தால் ஒரு பெண் மைக்கோவாகிறாள். வேண்டாமென்றால் வீட்டுக்குத் திரும்பலாம். கலையும் அதைக் கற்பிக்கும் உரிமையும் அந்தத் தெருப் பெண்களிடமே இருக்கின்றன. முதுமையிலும் ஆட்ட ஆசிரியையாக, பாட்டுக்கும் ஷமிசெனுக்கும் தலைமை தாங்குபவராக வாழ வழியுண்டு.

ஆனால் அந்தப் பதினைந்து வயதுப் பெண்ணுக்குப் பயிற்சிக் காலத்தில் முறையான சம்பளம் கிடையாது. உண்டி, உறையுள், உடை, கைச்செலவு மட்டும். அவள் வேலை செய்யும் இடம் மது பரிமாறும் விருந்து. 2022இல் முன்னாள் மைக்கோ ஒருவர், குடிக்கும் வயதை எட்டாத பெண்களைக் குடிக்க வைப்பதையும் அத்துமீறல்களையும் வெளிப்படையாக எழுதியபோது நாடே விவாதித்தது. இவள் மாணவியா, தொழிலாளியா? மாணவி என்றால் இரவு விருந்தில் ஏன் நிற்கிறாள்? தொழிலாளி என்றால் ஊதியம் எங்கே? இந்தக் கேள்வியை ஜப்பான் இன்னும் தீர்க்கவில்லை. 1920களில் 80,000 அளவில் இருந்த கெய்ஷாக்கள் இன்று ஆயிரம், இரண்டாயிரம் என்று சுருங்கிவிட்டார்கள். மரபு நிலைக்க வேண்டுமானால் அதன் இளைய உறுப்பினரின் உரிமை முதலில் உறுதியாக வேண்டும்.

எதைக் கொண்டு அளப்பது

ஜப்பான் கலையை அதன் பெண்களிடம் விட்டது. சிறுமியின் உரிமையைத் தாமதமாகவும் அரைகுறையாகவும் கொடுத்தது. தமிழகம் சிறுமியைத் துணிந்து விடுவித்தது. கலையை அவள் கையிலிருந்து நழுவவிட்டது. ஒரு சமூகம் எவ்வளவு முன்னேறியது என்பதை அளக்க, பயிலும் பெண்ணிடம் நான்கு கேள்விகள் கேட்டால் போதும். இதை நீயே தேர்ந்தாயா? வேண்டாமென்றால் போக முடியுமா? உன் உழைப்புக்குக் கூலி உண்டா? கற்றது நாளை உன் பெயரில் நிற்குமா? நான்குக்கும் ‘ஆம்’ என்ற விடை இரு நாடுகளிலும் இன்னும் வரவில்லை.

முதல் இரண்டு கேள்விகளுக்குத் தமிழகம் தந்த விடை உறுதியானது. இராமாமிர்தம் அம்மையார் பெயரிலான உயர்கல்வி உறுதித் திட்டத்தில், அரசுப் பள்ளியில் படித்துக் கல்லூரி செல்லும் பெண்களுக்கு 2022 முதல் மாதம் 1,000 ரூபாய் கிடைக்கிறது. புளியஞ்சோலை அடிவாரத்து மாணவிக்கும் கொல்லிமலை மேல் ஊர்களின் மாணவிக்கும் அதில் உரிமையுண்டு. தாசி வீட்டில் விடப்பட்ட ஒரு குழந்தையின் பெயர் இன்று பெண்களைக் கல்லூரிக்கு அனுப்புகிறது என்பதைவிடப் பெரிய நினைவுச் சின்னம் அவருக்கு வேண்டியதில்லை.

மீதி இரண்டு கேள்விகளுக்கான கடன் பாக்கியிருக்கிறது. இசைக் கல்லூரிகளின் பாடத்திட்டத்தில் அடவுகளும் வர்ணங்களும் யார் வழியாக வந்தன என்பது பெயர்களோடு எழுதப்பட வேண்டும். சதிர் மரபின் கடைசித் தலைமுறையிடம் எஞ்சியிருப்பதைப் பதிவு செய்யும்போது பதிவின் உரிமையும் வருவாயும் அவர்கள் குடும்பங்களுக்குப் போக வேண்டும். அந்த மரபில் பிறந்த ஒரு பெண் இன்று சலங்கை கட்ட விரும்பினால், அவளைக் கூசவைக்காமல் வரவேற்கும் மேடையும் கற்பிக்கும் பணியிடமும் வேண்டும். பொட்டைக் கழற்றியது சரி. சலங்கையையும் சேர்த்துக் கழற்றியது பிழை. அந்தப் பிழையைத் திருத்த இன்னும் காலம் இருக்கிறது, நாம் மனம் வைத்தால்.